தூங்க மறுத்த புள்ளிமான்

மூங்கில் அடர்ந்த ஒரு காட்டில், ஆற்றங்கரைப் புல்வெளியில், புள்ளிமான் கூட்டம் ஒன்று வாழ்ந்து வந்தது. ஒரு மான் விழித்திருந்து காவல் காக்கும், மற்றவை தூங்கும். பிறகு வேறொரு மானின் முறை வரும்.

அந்தக் கூட்டத்தில் மருதி என்றொரு பெண்மான் இருந்தாள். அவளும் அவள் தங்கை வெண்ணியும் முதுகோடு முதுகு ஒட்டித்தான் படுப்பார்கள்.

ஒருநாள் விடியற்காலையில் சிறுத்தை வந்தது. காவலில் நின்ற கோடன் என்ற ஆண்மான் உரக்கக் குரல் கொடுத்தான். எல்லா மான்களும் எழுந்து ஓடின. வெண்ணி மட்டும் சற்றுப் பிந்திவிட்டாள்.

அன்று மருதி சொன்னாள்: "இனி நான் தூங்கமாட்டேன். காவல் முழுவதும் என்னுடையது."

"எப்போதும் போல முறை வைத்துப் பார்த்துக்கொள்வோமே, மருதி" என்றான் கோடன்.

"உன் முறையில்தானே என் தங்கை போனாள்?"

கோடன் தலை குனிந்து, காவலை அவளுக்கே விட்டு விலகினான்.

நீர் குடிக்க வந்த யானையிடம் மருதி கேட்டாள்: "நீ கொஞ்ச நேரம்தானே தூங்குகிறாய்? உனக்கு என்ன குறைந்துபோயிற்று?"

"எனக்கு அது போதும். மலைப்பாம்புக்கு நாளில் பெரும்பகுதி வேண்டும். உனக்கு எவ்வளவு வேண்டுமென்று உன் உடம்பைக் கேள், என்னைக் கேட்காதே" என்றது யானை.

மருதி உடம்பைக் கேட்கவில்லை.

முதலில் அவள் கண்கள் எரிந்தன. பிறகு, வாய் நிறையப் புல்லை வைத்துக்கொண்டு மென்று தின்ன மறந்து நின்றாள். விளையாட வந்த குட்டியைக் காலால் உதைத்தாள். பட்ட மரத்தைப் பார்த்து, "சிறுத்தை! சிறுத்தை!" என்று கத்தினாள். கூட்டம் முட்புதருக்குள் விழுந்தடித்து ஓடியது. மறுநாள் ஒரு பாறையைப் பார்த்துக் கத்தினாள். அதற்கடுத்த நாள் தன் நிழலைப் பார்த்தே கத்தினாள். குட்டிகளின் கால்களில் ரத்தம் வடிந்தது.

கடைசியில் மான்கள் ஆற்றைக் கடந்து அக்கரைக்குப் போக முடிவு செய்தன. எல்லாரும் நீரில் இறங்கிய பிறகும் கோடன் மட்டும் நின்றான்.

"வா, மருதி. அங்கே போய் நீ கண்ணை மூடு. நான் விழித்திருக்கிறேன்."

"உன்னை நம்பியா?"

முழங்கால் அளவு நீரில் இறங்கி அவன் வெகுநேரம் நின்று பார்த்தான். அவள் திரும்பிக்கொண்டாள். அவனும் போய்விட்டான்.

மருதி தனியாகக் காவல் காத்தாள். காக்கத்தான் அங்கே யாரும் இல்லை. மான்கள் படுத்திருந்த இடங்களில், அமுங்கிக் கிடந்த புல் மெல்ல மெல்ல நிமிர்ந்தது. எது யார் படுத்த இடம் என்பதுகூடத் தெரியாமல் போயிற்று.

"தூங்கு, தூங்கு. நான் பார்த்துக்கொள்கிறேன்" என்று அவள் சொல்லிக்கொண்டிருந்தாள்.

மரத்தின் மேலிருந்த மந்தி எட்டிப் பார்த்தது. "யாரிடம் பேசுகிறாய்?"

"தங்கையிடம்."



ஒருநாள் உச்சிவெயிலில், உயர்ந்த புல் லேசாக அசைந்தது. மருதி பார்த்தாள். புல்லுக்குள் புள்ளிகள் தெரிந்தன. பழுப்பு உடம்பில் அழகழகான புள்ளிகள்! அவள் நெஞ்சு துள்ளியது.

"வந்துவிட்டீர்களா!"

"ஓடு மருதி! ஓடு!" என்று மந்தி கிளையை உலுக்கி அலறியது.

"பயப்படாதே, நம்மவர்கள்தான்" என்று சொல்லிக்கொண்டே, தள்ளாடும் கால்களோடு மருதி அந்தப் புள்ளிகளை நோக்கி ஓடினாள்.

பதுங்கியிருந்த சிறுத்தைக்கே வியப்பாக இருந்தது. தன்னைத் தேடி ஓடிவரும் மானை அது அதுவரை கண்டதில்லை. பாய வேண்டிய வேலைகூட அதற்கு இருக்கவில்லை.

மந்தியின் அலறல் அக்கரைவரை கேட்டது. மேய்ந்துகொண்டிருந்த மான்கள் தலை நிமிர்ந்தன. பிறகு அலறல் நின்றுபோனது. காவலில் இருந்த கோடன் இக்கரையையே பார்த்தபடி நின்றான்.

அவன் முறை முடிந்தது. வேறொரு மான் வந்து, "நீ போய்ப் படு. நான் நிற்கிறேன்" என்றது.

கோடனுக்குத் தூக்கம் வரவில்லை. ஆனாலும் படுத்துக் கண்களை மூடிக்கொண்டான்.

நீதி: உறக்கம் இழந்த கண்ணுக்கு உறவும் பகையும் ஒன்றாகவே தெரியும்.