இருமலைக் காத்த கூத்தர்

லொக், லொக், லொக்.

ஆதிமூலம் என்ற கூத்தர் சின்ன வயதில் கேட்ட சத்தம் அது. அவருடைய வாத்தியார் ஆடிக்கொண்டிருந்தபோது, மூன்றாம் பாட்டின் நடுவில் தீப்பந்தத்தின் புகை தொண்டையில் ஏறி, மூன்று முறை இருமினார். வாத்தியார் போய்ச் சேர்ந்து நாற்பது வருடம் ஆயிற்று. ஆதிமூலமோ அதே பாட்டில், அதே இடத்தில், அதே மூன்று இருமலை விடாமல் இருமி வந்தார்.

"ஒண்ணு குறைஞ்சாலும் கலை செத்துப்போகும்" என்பார்.

அவர் கட்டியது கட்டியக்காரன் வேடம். அதாவது, கூத்தின் கோமாளி. கோமாளியின் தலையில் குல்லாய் இருக்கும்வரை அவன் யாரையும் கேலி செய்யலாம். அரசனே ஆனாலும் கோபிக்கக் கூடாது. அது அந்த நாட்டு வழக்கம், கேட்டுக்கொள்ளுங்கள்.

அந்த நாட்டு அரசனுக்கு யானைப் பித்து. ஒரு கோடையில் நூறு யானைகளை ஆதிமூலத்தின் ஊர் ஏரியில் இறக்கிவிட்டான். ஏரி சேறாயிற்று. முறையிடப் போனவர்களைக் காவலர்கள் வாசலிலேயே அடித்து விரட்டினார்கள். அந்த வாரமே, அரசன் கூத்துப் பார்க்க வருகிறான் என்று சேதி வந்தது.

முதலில் மத்தளக்காரர் பேரய்யன் வந்தார். "அண்ணே, ஒரே ஒரு வரி. அந்த யானைகளப் பத்தி."

"எங்க வாத்தியார் யானையப் பத்திப் பாடல, தம்பி."

அடுத்து குயவர் வீட்டுப் பொம்மியம்மா வந்தாள். "குல்லாய் வச்சவரு நீங்கதானே மாமா? நாங்க சொன்னா எங்க தலை இருக்குமா?"

"புதுசா ஒரு சொல் சேத்தாலும் பாவம், தாயி."

மூன்றாவதாக ஊரே வந்தது, காலிக் குடங்களோடு. "உங்க வாத்தியார் காலத்துல ஏரியில தண்ணி இருந்துச்சய்யா!" என்று கத்தியது. ஆதிமூலம் கண்ணை மூடிக்கொண்டு இருமலைப் பழகினார்.

அரசன் சீக்கிரம் தூங்குகிறவன். அவனுக்காக, விடிய விடிய ஆடும் கூத்தைப் பட்டப்பகலிலேயே வைத்தார்கள். அதற்கு மட்டும் ஆதிமூலம் மரபு பேசவில்லை.

அரசன் முன்வரிசையில் வியர்க்க வியர்க்க உட்கார்ந்திருந்தான். குல்லாய்க்காரன் வாய்க்கு அவனும் பயந்தவன்தான். ஆதிமூலம் குதித்து வந்தார். வாத்தியார் செய்தபடியே, செத்து முப்பது வருடமான ஊர்த்தலைவரின் நழுவும் தலைப்பாகையைக் கேலி செய்தார். பிறகு அந்தத் தலைவரின் மனைவி வைத்த குழம்பைக் கேலி செய்தார். பிறகு, பந்தமும் இல்லாமல் புகையும் இல்லாமல், இருமினார். ஊரில் ஒருவரும் சிரிக்கவில்லை. அரசன் மட்டும் வயிறு குலுங்கச் சிரித்தான்.

"இதுவல்லவா கலை! இப்படியே காப்பாற்றும்!" என்று பொற்காப்பு பூட்டி, 'மரபுக் காவலர்' என்று பட்டமும் கொடுத்தான். திரும்பும் வழியில், இன்னும் ஐம்பது யானைகளை அதே ஏரிக்கு அனுப்பச் சொன்னான்.

கலையின் சொல்லை மட்டும் காத்து அதன் துணிச்சலைக் கைவிடுகிறவன் கலையைக் காத்தவன் ஆகமாட்டான்.

ஏரியும் பிழைப்பும் போன மத்தளக்காரர் பேரய்யன் அந்த ஆவணியில் அரண்மனை யானைகளுக்குத் தழை சுமக்கும் வேலையில் சேர்ந்தார்.