மடையில் நின்ற மனசு

வேப்பங்குழிக்கும் கீழக்கரட்டுக்கும் கண்மாய் ஒன்று, மடையும் ஒன்று. வடம் இழுத்து ஜெயிக்கிற ஊருக்கே முதல் வாரத் தண்ணீர். வேப்பங்குழி ஒன்பது வருஷமாகத் தோற்றுக்கொண்டிருந்தது. இந்த வருஷம் விருமனின் நாற்றங்கால் வெடித்துக் கிடந்தது. இன்னும் ஒரு நாள் தாங்கினால் பெரிது.

வெளியூர் டிரில் வாத்தியார் ஒருவரைக் கூட்டிவந்தார்கள். விருமனோடு சேர்த்து வடம் பிடிக்கிற ஐந்து பேரும் இழுத்த அழகைப் பார்த்து அவர் தலையில் கைவைத்துக்கொண்டார்.

"உடம்பை ஆட்டுவிக்கிறது மனசுய்யா. அஞ்சு மனசு அஞ்சு பக்கம் ஆட்டுனா வடம் எப்படி நகரும்? ஒரு மனசு சொல்லணும், உடம்பெல்லாம் கேட்கணும்."

சொல்லிவிட்டு பஸ் ஏறிவிட்டார்.

"அப்ப நாலு மனசு அதிகப்படி," என்றான் மொக்கையன். "என் மனசை வச்சுக்குவோமா?"

"வேண்டாம் மாப்ளே," என்றான் ஒச்சப்பன். "அது எந்நேரமும் டீக்கடையில கிடக்கும்."

கவலை அதிகம் உள்ள மனசு என்பதால் விருமனைத் தேர்ந்தெடுத்தார்கள். மனசு வெயிலில் வாடக் கூடாதென்று ஒரு குடையும் கொடுத்தார்கள்.

போட்டியன்று விசில் ஊதினார்கள். கரைமேல் நின்ற விருமன், "பின்னால போங்கடா!" என்று கத்தினான். நான்கு பேரும் போனார்கள். வடம் போகவில்லை.

"கையைப் பத்தி நீ ஒண்ணும் சொல்லலையே," என்றான் மொக்கையன்.

மூச்சைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்த கீழக்கரட்டார் மொத்தமாக மல்லாந்து விழுந்தார்கள். "வடத்தைப் பிடிச்சு இழுங்கடா!" என்றான் விருமன். எழுந்திருப்பதற்குள் அவர்களை வடத்தோடு கோட்டுக்கு இந்தப் பக்கம் இழுத்தாயிற்று. நடுவில் வடத்தை விடக் கூடாதென்று விதி எதுவும் இல்லை. அப்படி ஒருவன் விடுவான் என்று அதுவரை யாருக்கும் தோன்றவில்லை.

வேப்பங்குழி ஜெயித்தது! விருமன் குடையோடு மடைக்கு ஓடினான். நிறுத்தச் சொல்ல மறந்துபோனான்.

கீழக்கரட்டார் வடத்தை விட்டுவிட்டு வீட்டுக்குப் போய்விட்டார்கள். நான்கு பேரும் வெறும் வடத்தை இழுத்தபடி பின்னாலேயே நடந்து கடைவீதிக்குள் நுழைந்தார்கள்.

"எங்கேய்யா போறீங்க?" என்றார் ஒரு போலீஸ்காரர்.

"மனசு இன்னும் சொல்லலைங்க," என்றான் ஒச்சப்பன்.

சாயங்காலம் பெருமாயி மடைக்கு ஓடிவந்தாள். அவள் புருஷன் விருமன் மடைப் பலகையைப் பார்த்தபடி குடைக்குள் நின்றிருந்தான்.

"நாத்து சாகுதுய்யா! பலகையைத் தூக்க வேண்டியதுதானே?"

"நான் மனசுடி. மத்தியானத்திலேருந்து தூக்கு தூக்குன்னு சொல்லிக்கிட்டுத்தான் இருக்கேன். கையெல்லாம் பஸ் ஸ்டாண்டைத் தாண்டிப் போயிருச்சாம்."

"அப்ப இது ரெண்டும் என்ன?" என்று அவன் கைகளைப் பிடித்து ஆட்டினாள்.

விருமன் இரண்டையும் திருப்பித் திருப்பிப் பார்த்தான்.

"இதுகளா? இதுக குடை பிடிக்க வந்ததுக."