கூரைக்குள் போனவருக்காக

"செத்துப்போனவளோட நிழல்ல எப்படி நிற்கிறது?" என்று கொற்றான் கேட்டான்.

மருதம்மை வாசலில் நின்று கேழ்வரகு புடைத்துக்கொண்டிருந்தாள். முறத்திலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

அவள்தான் அவனுக்குக் குரு. வயதில் அவனுக்கு மகள் மாதிரி. ஐந்து வருஷமாக அவள் குடிசைக்கு விறகு பிளந்து போடுகிறான். ஒரு கேள்வி கேட்டதில்லை. கேட்க வேண்டிய நாள் இன்றைக்குத்தான் வந்தது.

அவர்கள் நாட்டு வானத்தில் இரண்டு சூரியன். பெரியவன், சின்னவன் என்பார்கள். ஆளுக்கு இரண்டு நிழல். பன்னிரண்டு வருஷத்துக்கு ஒருமுறை, காலை வேளையில், சின்னவன் போய்ப் பெரியவனுக்குப் பின்னால் ஒளிந்துகொள்வான். அந்த ஒரு நாழிகைக்கு ஊரில் எல்லோருக்கும் ஒரே நிழல்தான். இன்றைக்கு அந்த நாள்.

பேச்சுவார்த்தை அறுந்துபோனவர்கள் அதற்காகக் காத்துக் கிடப்பார்கள். யாரோடு பகையோ அவர் நிழலில் போய் நிற்க வேண்டும். வாய் திறக்கக் கூடாது. இரண்டாம் நிழல் முளைக்கும்வரை அவர் நகராமல் நின்றால் பகை தீர்ந்தது. விலகிக் கூரைக்குள் போய்விட்டால் முடிந்தது கதை. அடுத்த பன்னிரண்டு வருஷத்துக்கு அந்தப் பேச்சையே எடுக்கக் கூடாது.

"யார் செத்தது?" என்றாள் மருதம்மை.

"தங்கச்சி. கயலி."

"என்ன பகை?"

"அம்மா செத்த அன்னைக்கு அவ வரலை. மறுநாள், எல்லாம் முடிஞ்சப்புறம் வந்து நின்னா. உன் மூஞ்சியிலயே முழிக்க மாட்டேன்னுட்டேன்."

"ஏன் தாமதமாம்?"

கொற்றான் தலையைச் சொறிந்தான். "நான் கேட்கலை."

முறம் இரண்டு தட்டுத் தட்டியது.

"போன ஒற்றை நிழலுக்கு வந்தா. நாலு மலை தாண்டி, நடந்தே. என் வாசலுக்கு வந்து, என் நிழல்ல நின்னா."

"நீரு?"

"உள்ளே போயிட்டேன். கதவைச் சாத்திட்டேன்."

"அவ போயிட்டாளா?"

"எங்கே போனா! நாழிகை முடியிற வரைக்கும் அங்கேயே நின்னா. தலையில பெரியவன் காயுறான். ஊரே வேடிக்கை பாக்குது. கதவு இடுக்கு வழியா நானும் பாத்தேன். வெச்ச கண்ணு வாங்காம கதவையே பாத்துக்கிட்டு நின்னா."

"எதுக்காம்?"

"எதுக்கா? என் மானத்தை வாங்கத்தான். கூரைக்குள்ள போனவனுக்காக யாராவது காத்து நிப்பாங்களா? அவ்வளவு வீம்பு. அந்த வீம்புதான் எனக்கு இன்னும் ஆறலை. அடுத்த தடவை வரட்டும், அப்ப நின்னுக்கலாம்னு இருந்தேன். மூணாம் வருஷம் காய்ச்சல்ல போயிட்டா."

அவன் மேல்துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டான்.

"அம்மை, நான் அவளை மன்னிக்கணும். அவளும் என்னை மன்னிக்கணும். அவளுக்குப் பதிலா உங்க நிழல்ல நிக்கட்டுமா?"

மருதம்மை முறத்திலிருந்து ஒரு கல்லைப் பொறுக்கி எறிந்தாள்.

அதற்குள் தெருவில் பேச்சு அடங்கியது. கோழிகள்கூடக் கத்துவதை நிறுத்தின. மருதம்மையின் இரண்டு நிழல்களில் மெல்லியது மங்கி, மங்கி, காணாமல் போனது. மற்றது மட்டும் வாசலில் நீளமாகக் கிடந்தது.

கொற்றான் செருப்பைக் கழற்றிவிட்டுப் போய் அதில் நின்றான்.

மருதம்மை முறத்தைக் கீழே வைத்தாள். குடிசைக்குள் போனாள். கதவைச் சாத்திக்கொண்டாள்.

அவன் நின்ற இடம் வெறும் வெயிலாகிப் போனது.

எதிர்வீட்டுக்காரன் தன் மச்சான் நிழலில் நின்றபடி இதைப் பார்த்துவிட்டுத் தலையைத் திருப்பிக்கொண்டான். கொற்றானுக்கு வெட்கமாக இருந்தது. காலுக்குக் கீழே மண் கொதித்தது. உள்ளே பாத்திரம் உருண்ட சத்தம் கேட்டபோது நிமிர்ந்து பார்த்தான். யாரும் வரவில்லை. வியர்வை கண்ணில் இறங்கியது. கதவிலிருந்து பார்வையை எடுக்காமலேயே துடைத்துக்கொண்டான்.

நாழிகை கழிந்தது. அவன் காலடியில் இரண்டாம் நிழல் முளைத்தது.

கதவு திறந்தது. மருதம்மை வெறுங்கையோடு வந்து நின்றாள்.

"இன்னும் இங்கேயா இருக்கீரு?"

"ஆமா அம்மை."

"கூரைக்குள்ள போயிட்டா முடிஞ்சதுன்னு உமக்குத் தெரியாதா?"

"தெரியும்."

"என் மானத்தை வாங்க நின்னீரா?"

"ஐயையோ, அப்படியெல்லாம் இல்லை."

"பின்னே எதுக்கு நின்னீரு?"

"வேற யாராவதுன்னா போயிருப்பேன். நீங்கதானே. எப்படியும் மனசு கேக்காம வெளியே வந்துடுவீங்கன்னு..."

கொற்றான் நிறுத்தினான்.

சாத்தாத கதவையே கொஞ்ச நேரம் பார்த்தான். பிறகு கொதிக்கிற மண்ணில் அப்படியே உட்கார்ந்துவிட்டான்.

"அம்மை," என்றான், "அவளுக்கு நான் அண்ணனாச்சே."