துவைக்கிற கல் அருகே ஒரு நெல்

"இந்தப் பயம் எப்பத்தான் மேடம் போகும்?"

இதைக் கேட்டவர் சிற்றம்பலம். கையில் ஒரு பிளாஸ்டிக் பை. பைக்குள் ஒரு நெல் இலை.

அவருக்கு வயது ஐம்பத்தாறு. குருவான டாக்டர் ரஹீமாவுக்கு முப்பத்து மூன்று. சிரிக்க வேண்டாம். முப்பது வருஷம் இடுக்கியால் நெல் பூவைத் திறந்து ரகத்தோடு ரகம் சேர்த்த மனிதர், மரபணு வேலை என்று வந்ததும் கூச்சப்படாமல் போய் மாணவராக உட்கார்ந்தார். எனக்கு அவரைப் பிடிப்பதே அதனால்தான்.

"இலை ஏது சார்?"

"எங்க வீட்டுத் துவைக்கிற கல்லுக்குப் பக்கத்துல முளைச்சிருக்கு. புல்லுன்னு நினைச்சு விட்டுட்டேன். இன்னைக்குப் பதினோரு மணிக்குப் பார்க்கிறேன், பூத்திருக்கு."

ரஹீமா பையை வாங்கி இலையைப் பார்த்தார்.

"என் பேண்ட்டை அங்கதான் மேடம் துவைக்கிறா என் சம்சாரம் பத்மாவதி."

விஷயம் இதுதான். ஆராய்ச்சிப் பண்ணையின் கோடியில் ஒரு வலைக்கூடம். உள்ளே வளரும் நெல்லில் ஒரு மண் பாக்டீரியாவின் மரபணுவைச் சேர்த்திருக்கிறார்கள். களைக்கொல்லி அடித்தால் களை சாகும், அந்த நெல் சாகாது. வெளியே விட இன்னும் அனுமதி இல்லை. ஒரு மணிகூட வெளியே போகக் கூடாது. வாசலில் உடையை உதறிவிட்டுத்தான் வர வேண்டும். பேண்ட்டை மடித்துவிடவே கூடாது, மடிப்பில் நெல் உட்காரும்.

சிற்றம்பலம் மடித்துவிடுவார். வேண்டுமென்றா? சேற்றில் இறங்கியே பழகிய ஆள். நெல்லைப் பார்த்தால் கை தானாகக் குனிந்து இரண்டு மடிப்பு மடித்துவிடும். பாழாய்ப் போன கை!

வலைக்கூடத்துச் சாவி அவரிடம்தான் இருக்கிறது. "இந்த நெல்லை நினைச்சா சோறு இறங்கலை மேடம்" என்று அவர் சொன்ன அன்றைக்குத்தான், பயப்படுகிறவர் கவனமாக இருப்பார் என்று ரஹீமா அதைக் கொடுத்தார்.

"செடியைப் பிடுங்கிட்டீங்களா?"

"வேரோட பிடுங்கி உறையில கட்டி வச்சிருக்கேன். ஆனா பத்து மணிக்கே பூ விரிஞ்சிருக்குமே."

"காத்து?"

"அடுத்த வீட்டுக் குழந்தைவேலு வயல் பக்கம். நடுவுல முள்வேலிதான். அவன் நெல்லும் பூத்திருக்கு. களை நெல் வேற காடாக் கிடக்கு."

ரஹீமாவின் முகம் மாறியது. களை நெல் என்பது நெல்லுக்குப் பங்காளி. இந்த மகரந்தம் அதன் பூவில் விழுந்தால் மரபணுவும் கூடவே போகும். அப்புறம் அந்த மருந்துக்கு அது சாகாது. கொட்டும், முளைக்கும், வாய்க்காலோடு அடுத்த ஊருக்கும் போகும்.

"சோதனை அட்டையில ரெண்டு கோடு வந்து நம்ம நெல்லுதான்னு ஆயிட்டா என்ன மேடம் செய்யணும்?"

"வயலை மடக்கி உழணும். இன்னைக்கே."

"அவனுக்கு மொத்தமே அஞ்சு மா நிலம். அதுதான் அந்த வீட்டுச் சோறு. காலையில அவன் வீட்டு மோர்தான் குடிச்சேன். நான் எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டுப் போய்ச் சொல்வேன்?"

ரஹீமா இலையைக் கிள்ளிச் சின்னக் குழாயில் போட்டு நசுக்கினார். நாலு சொட்டுத் திரவம் விட்டார். சோதனை அட்டையை உள்ளே நிறுத்தினார். கர்ப்பம் பார்க்கிற அட்டை மாதிரிதான். ஒரு கோடு வந்தால் ஊர் நெல். இரண்டு வந்தால் இவர்கள் நெல்.

பத்து நிமிஷம் காத்திருக்க வேண்டும்.

ஒரு கோடு எழும்பியது.

சிற்றம்பலத்துக்கு வேர்த்து ஊற்றியது. அதற்குக் கீழே மங்கலாக இன்னொன்று தெரிகிற மாதிரி இருந்தது. கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டுப் பார்த்தார். வெறும் ஈரம். மறுபடி பார்த்தார். முருகா, முருகா என்று வாய் முணுமுணுத்தது.

ரஹீமா மேஜை விளிம்பை இறுகப் பிடித்திருந்தார். அவருக்கும் பயம்தான்.

பத்து நிமிஷம் முடிந்தது. ஒரே கோடு.

சந்தேகத்துக்கு இன்னொரு அட்டை. அதிலும் ஒரே கோடு.

"அப்பாடா!" சிற்றம்பலம் நாற்காலியில் சரிந்தார். அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தது. "கோழிக்கு இறைச்ச நெல்லு மேடம்! வேற என்ன? நான் ஒரு பைத்தியக்காரன், உங்களையும் போட்டு வதைச்சிட்டேன்."

"ஒரு கேள்வி கேட்டீங்களே சார். பயம் எப்பப் போகும்னு."

"அது போயே போச்சு மேடம்! இனிமே நான் எதுக்குப் பயப்படணும்? சாயங்காலத் தண்ணி விடணும், வலைக்கூடத்துக்குப் போயிட்டு வந்துடறேன்."

சொல்லிக்கொண்டே குனிந்தார். வலது காலில் இரண்டு மடிப்பு. இடது காலில் இரண்டு மடிப்பு.

ரஹீமா கையை நீட்டினார்.

"சாவியைக் குடுங்க சார்."