குளத்தைக் குடித்தவள்

"என் மக திருடுதா, சாமியம்மா."

வந்ததும் வராததுமாக ஆவுடை சொன்னாள். கும்பிடக்கூட மறந்துவிட்டாள்.

குளத்தங்கரைப் பிள்ளையார் கோயிலை ஒட்டி ஓர் ஓட்டு அறை. அதன் வாசலில் உட்கார்ந்து சாமியம்மா புளி உடைத்துக் கொட்டை எடுத்துக்கொண்டிருந்தாள். ஆவுடையைவிட வயதில் இளையவள். ஆனாலும் மனக்குறை என்று வந்தால் ஆவுடை அவளிடம்தான் வருவாள். அவள் சொன்ன விரதம் ஒன்றையும் விட்டதில்லை.

"எடுத்ததைப் பாத்தீகளாக்கா?"

"பாக்கலை."

"வேற யாரும்?"

"யாரும் பாக்கலை. அவளே ஒத்துக்கிட்டா."

"தானா வந்து சொன்னாளா?"

ஆவுடை இடுப்பில் செருகியிருந்த புளிய மிளாறைத் தொட்டுக் காட்டினாள். இலை உருவிய பச்சைக் குச்சி.

"இது கேட்டுச்சு. அவ சொன்னா."

சாமியம்மா ஒரு கொட்டையை எடுத்துத் தட்டில் போட்டாள்.

"என்ன போச்சு?"

"கம்மல். எங்க அம்மை எனக்குப் போட்டது. குளிக்கப் போகையில மாடக்குழியில கழட்டி வச்சேன். வந்து பாத்தா ஒண்ணுதான் இருக்கு. முதல்ல நாத்தனா மேல சந்தேகம். அவ இல்லாதப்போ அவ பெட்டியைத் துழாவினேன். பொறவு பால்காரி. பொறவு எங்க வீட்டு ஆளு மேலயே சந்தேகம். சோறு போடும்போது ஒவ்வொருத்தர் மூஞ்சியையும் பாப்பேன். சாமி கும்பிட்டாக்கூட மனசு அங்கதான் நிக்கும்."

"இப்ப?"

"இப்ப நிம்மதி. இவதான்னு தெரிஞ்சு போச்சே."

"கம்மல் கிடைச்சிருச்சா?"

ஆவுடையின் முகம் சுருங்கியது.

"அங்கதான் இருக்கு அவ கள்ளத்தனம். எடுத்ததை ஒத்துக்கிட்டா. இடத்தை மட்டும் மாத்தி மாத்திச் சொல்லுதா. அரிசிப் பானைக்குள்ளன்னா. கொட்டிப் பாத்தேன், இல்லை. வைக்கப்படப்புலன்னா. பிரிச்சுப் பாத்தேன், இல்லை. கடைசியில காக்கா கொண்டு போயிட்டுங்கா. ஏழு வயசுல இம்புட்டு நெஞ்சழுத்தம்!"

"இல்லைன்னு ஆனப்போ எல்லாம் அடிச்சீகளா?"

"பின்னே? பெத்தவ அடிக்காம பிறத்தியாரா வந்து அடிப்பாக? அடியாத மாடு படியாது சாமியம்மா. அதெல்லாம் பெத்துப் பாத்தாத்தான் தெரியும்."

சொன்ன பிறகுதான் நாக்கைக் கடித்துக்கொண்டாள்.

சாமியம்மா முகம் மாறவில்லை.

"எனக்குத் தெரியாதுன்னுதான் கேக்கேன். அடிச்சதுல படிஞ்சாளா?"

"படிஞ்சா. பொய் சொல்லக் கூடாதுங்கிற மட்டுக்கும் படிஞ்சா. முன்னெல்லாம் எதைக் கேட்டாலும் 'நான் இல்லைம்மா, நான் இல்லைம்மா'ன்னு ஒரே அழுகை. இப்ப அந்தப் பேச்சே கிடையாது. பால் சிந்தினாலும் சட்டி உடைஞ்சாலும், கேட்ட உடனே 'நான்தான்'."

"நல்லது."

"ஆனா திருட்டுப் புத்தி போகலையே. சாயங்கால வண்டிக்கு எங்க அண்ணன் வாரான். அவன்கூட அனுப்பிடுதேன். என் அடி இவளுக்குப் பத்தலை. அவன் கை நல்ல கனத்த கை. நீங்க ஒரு வார்த்தை சொல்லி, பிள்ளைக்குத் துன்னூறு பூசி விடுங்க."

"பிள்ளை எங்க?"

ஆவுடை கோயில் பக்கம் கையைக் காட்டினாள்.

கோமு வெயிலில் நின்றுகொண்டிருந்தாள். ஓர் எட்டு வைத்தால் வேப்பமர நிழல். அவள் அந்த எட்டை வைக்கவில்லை. 'இங்கனயே நில்லு' என்று ஆவுடை சொல்லிவிட்டு வந்திருந்தாள்.

"கூப்பிடுங்க. அந்த மிளாறையும் குடுங்க."

ஆவுடைக்கு மனம் குளிர்ந்தது. சாமியம்மாவே விசாரிக்கப் போகிறாள். இன்றைக்குக் கம்மல் கிடைத்துவிடும்.

சாமியம்மா மிளாறை மடிமேல் வைத்துக்கொண்டாள். கோமு வந்து எதிரே நின்றாள்.

"கோமு, அந்தக் குளத்தைப் பாரு."

கோமு பார்த்தாள். வற்றி, வெடித்து, பாளம் பாளமாகக் கிடந்தது குளம்.

"தை மாசம் கரை தட்டத் தண்ணி கிடந்துச்சு. இப்ப ஒரு சொட்டு இல்லை. யாரு குடிச்சா?"

ஆவுடை சிரித்துவிட்டாள். "நல்லாக் கேட்டீக சாமியம்மா!"

கோமு சிரிக்கவில்லை. மடிமேல் இருந்த மிளாறைப் பார்த்தாள். பிறகு அம்மாவின் கையைப் பார்த்தாள்.

"நான்தான்."

"முழுசும் நீயா?"

"ஆமா. இனிமே குடிக்க மாட்டேன்."

ஆவுடையின் சிரிப்பு நின்றது. மகளைப் பார்த்தாள். சாமியம்மாவைப் பார்த்தாள். இருவர் மேலும் சந்தேகம் வந்தது.

"இப்படிச் சொல்லுன்னு நீங்கதான் முன்கூட்டியே சொல்லிக் குடுத்தீகளோ?"

"நான் சொல்லிக் குடுக்கலையக்கா."

"அப்போ கொழுப்புத்தான். ஏட்டி, சாமியம்மாகிட்டயே நடிப்பா காட்டுதே?"

ஆவுடையின் கை உயர்ந்தது.

கோமு இரண்டு கைகளையும் தலைக்கு மேல் வைத்துக்கொண்டு அவசர அவசரமாகச் சொன்னாள்.

"மிச்சத் தண்ணி இருக்கும்மா! ஒளிச்சுத்தான் வச்சிருக்கேன். அரிசிப் பானைக்குள்ள இருக்கு. வா, எடுத்துத் தாரேன்."

உயர்ந்த கை உயர்ந்தபடியே நின்றது.

வேப்பமரத்தில் ஒரு காகம் கத்தியது. ஆவுடை அண்ணாந்து அதைப் பார்த்தாள். வெகுநேரம் பார்த்தாள்.

சாமியம்மா மிளாறை எடுத்து நீட்டினாள். ஆவுடை அதை வாங்கவில்லை.

தரையில் உட்கார்ந்தாள். கோமுவின் கைகளைத் தலையிலிருந்து இறக்கினாள். கோயிலில் பேசுவதுபோல மெதுவாகக் கேட்டாள்.

"கோமு, அடிக்க மாட்டேன். நெசத்தைச் சொல்லு தாயி. கம்மலை நீ எடுத்தியா?"

கோமு அம்மாவின் முகத்தைப் பார்த்தாள். கண்ணைப் பார்த்தாள். வாயைப் பார்த்தாள். அங்கே ஒன்றும் பிடிபடவில்லை.

"எதைச் சொல்லணும்மா?"