சொலாஞ்ச் எடுத்த மூச்சு

பிரான்ஸின் லியோன் நகரத்தில் தெல்மா என்றொரு கிழவர் இருந்தார், அனிமேஷன் பட இயக்குநர். அவருடைய முதல் படத்துக்கு விருதுகள் குவிந்தன. இரண்டாவது ஓடவில்லை. மூன்றாவது, கடைசி ஷாட்டுக்கு முன்னால் நின்றுபோய் ஒன்பது வருஷம் ஆகிவிட்டது. பத்திரிகைகள் முதலில் அவரைப் பிடிவாதக்காரர் என்று எழுதின. பிறகு எழுதுவதையே விட்டுவிட்டன.

அனிமேஷனில் குரலை முதலில் பதிவுசெய்துவிடுவார்கள். அதைக் கேட்டுக் கேட்டுத்தான் வாயசைவை வரைவார்கள். இந்தப் படத்தின் நாயகிக்குக் குரல் கொடுத்தவர் தெல்மாவின் மனைவி சொலாஞ்ச். பதிவு முடிந்த அந்தக் குளிர்காலத்திலேயே இறந்துபோனார்.

தெல்மாவிடம் இளம்பெண்ணாகத் தொழில் கற்க வந்த மிரேய்க்கு இப்போது ஐம்பது வயது.

"ஐயா, தயாரிப்பாளர் போன் செய்தார். வெள்ளிக்கிழமைக்குள் கடைசி ஷாட் வராவிட்டால் படம் வேறு ஸ்டூடியோவுக்குப் போய்விடுமாம். நம் இரண்டு பேர் பெயரும் இருக்காதாம்."

"ம்."

"நாயகி கதவருகே நிற்கிறாள். 'போய் வருகிறேன்' என்கிறாள். வாய் மூடுகிறது. இதில் என்ன கஷ்டம்? மத்தியானச் சாப்பாட்டுக்குள் நானே வரைந்துவிடுவேன்."

"சாப்பாட்டு விஷயத்தில் நீ நேரம் தவறியதே இல்லை."

"கேலி வேண்டாம். உங்களிடம் வந்தபோது என் தலையில் ஒரு நரைகூட இல்லை. என் பெயர் திரையில் வர இந்த ஒரு படம்தான் இருக்கிறது."

தெல்மா ஹெட்போனை நீட்டினார். "கேட்டபடி வரை."

அவள் கேட்டாள். வரைந்தாள். கடைசித் தாளில் உதடுகளை மூடினாள். ஹெட்போனைக் கழற்றப் போனவளின் கையை அவர் தடுத்தார்.

"இன்னும் கொஞ்சம் கேள்."

வசனத்துக்குப் பிறகு சின்னதாய் ஒரு சத்தம். உள்ளே இழுத்த மூச்சு. அதோடு பதிவு நின்றுவிட்டது.

"ஏதோ சொல்ல வந்திருக்கிறார்," என்றாள் மிரேய்.

"வசனம் முடிந்ததென்று மெஷினை நிறுத்திவிட்டார்கள். வரைய உட்கார்ந்தபோதுதான் எனக்கே கேட்டது. அப்போது அவள் இல்லை."

"அதை வெட்டிவிடலாமே, ஐயா. அரை விநாடிதான். யாருக்குத் தெரியப்போகிறது?"

"அந்த ஸ்டூடியோவில் அப்படித்தான் செய்வார்கள். அவர்களுக்கு அவளைத் தெரியாது." மூடிய உதடுகள் இருந்த தாளை எடுத்து அவள் கையில் கொடுத்தார். "நீ இதைக் கொண்டுபோய்க் கொடு. நான் கோபித்துக்கொள்ள மாட்டேன். உன் பெயராவது வரட்டும்."

மிரேய் தாளோடு கதவு வரைக்கும் போனாள். அங்கே கொஞ்ச நேரம் நின்றாள். திரும்பி வந்து மேஜை முன் உட்கார்ந்து உதடுகளை ரப்பரால் அழித்தாள்.

"சரி, மூட வேண்டாம். திறந்தபடியே முடிக்கிறேன்."

"திற," என்றார் தெல்மா. "ஒரு சொல்லுக்கு வாய் வட்டமாகக் குவியும். இன்னொன்றுக்கு அகலமாக விரியும். நீ எந்தச் சொல்லுக்குத் திறக்கப் போகிறாய், மிரேய்?"

வெள்ளிக்கிழமை தயாரிப்பாளரின் ஆட்கள் வந்து படத்தை எடுத்துக்கொண்டு போனார்கள். அப்போதும் அந்தத் தாளில் உதடு இல்லை.