செம்பி சுட்ட அடை

மிருகங்கள் வாயைத் திறந்தால் பேச்சு வந்த அந்தக் காலத்தில், அழுங்குக்கு உடம்பு வழுவழுவென்று இருந்தது. எறும்புதின்னி என்று இன்று சொல்கிறோமே, அதுதான் அழுங்கு. அப்போது அது எறும்பைத் தின்னவில்லை. வாய் நிறையப் பல் இருந்தது. கிழங்கையும் கொட்டையையும் கடித்துத் தின்றுகொண்டு மலையடிவாரத்துக் காட்டில் தன்பாட்டுக்கு இருந்தது.

அந்தக் காட்டில் ஓர் அழுங்குக் குடும்பம். தாய், மகள் செம்பி, புதிதாகப் பிறந்த ஓர் ஆண்குட்டி. அந்த வருஷம் மழை பொய்த்து, கிழங்கெல்லாம் மண்ணுக்குள்ளேயே வற்றிப்போயிற்று. தாய்க்குப் பால் இல்லை. குட்டி முட்டி முட்டிப் பார்த்துவிட்டு அழும். பிறகு அழவும் தெம்பில்லாமல் கிடக்கும். இப்படியே போனால் தம்பி பிழைக்க மாட்டான் என்று செம்பிக்குத் தெரிந்துவிட்டது.

பக்கத்துப் புதரில் கூரி என்று ஒரு முள்ளம்பன்றி இருந்தாள். ஊர்க் கொல்லைகளில் மேய்ந்துவிட்டு வருகிறவள். அதனால் ஊர்ச் சமாச்சாரம் அத்தனையும் தனக்கு அத்துப்படி என்று அவளுக்கு ஒரு நினைப்பு.

“ஊருல பிள்ளை பெத்தவளுக்கு என்ன குடுக்குறாங்க தெரியுமாடீ? கேப்பை அடை! சுடச்சுட ரெண்டு தின்னாப் போதும், பால் பொங்கிட்டு வரும்” என்றாள் கூரி.

“அதை எப்படி அத்தை செய்யிறது?”

“என்ன பெரிய வித்தை? மாவுல தண்ணி விட்டுப் பிசையணும். இலையில வச்சுத் தட்டணும். சூட்டுக் கல்லுல போடணும். அம்புட்டுதான்.”

“மாவுன்னா எப்படி இருக்கும்?”

“செவப்பா, நைசா, பொடிப்பொடியா இருக்கும். ஏன், நீ சுடப்போறியா? ஆளப் பாரு, மூஞ்சியப் பாரு!” கூரி சிரித்த சிரிப்பில் முள்ளெல்லாம் கலகலத்தன.

செம்பி சிரிக்கவில்லை. தான் பிடித்த முயலுக்கு மூன்றே கால் என்கிற ரகம் அவள். சுடுவது என்று முடிவு செய்துவிட்டாள்.

சிவப்பான, நைசான பொடி இந்தக் காட்டில் எங்கே கிடைக்கும்? கரையான் புற்றில்தான். கரையானைவிட நைசாக அரைக்க யாரால் முடியும்? அழுங்கு யோசித்தால் இப்படித்தானே யோசிக்கும். அது திருகையைக் கண்டதா, கேப்பைக் கதிரைக் கண்டதா? செம்பி நேரே ஒரு பெரிய புற்றிடம் போய் நகத்தால் பறித்தாள். உள்ளிருந்து கரையான்கள் சிதறி ஓடின.

“கொஞ்சம் மாவு எடுத்துக்கிறேன், கோவிச்சுக்காதீங்க” என்று மரியாதையாகத்தான் சொன்னாள்.

தேனெடுக்க வந்தவர்கள் பாறையோரம் மூட்டிய தீயை அணைக்காமலே போயிருந்தார்கள். செம்பி சுள்ளி பொறுக்கிப் போட்டு ஊதினாள். மூக்கு நுனி கருகியது. ஓடைத் தண்ணீரில் மாவு பிசைந்து, பூவரச இலையில் தட்டிக் கல்லில் போட்டாள். முதல் அடை இலையோடு ஒட்டிக்கொண்டது. அடுத்தது விரிசல் விட்டது. இன்னொன்று திருப்பும்போது உடைந்தது. தண்ணீரைக் குறைத்துப் பார்த்தாள், கூட்டிப் பார்த்தாள். “வந்துருடீ, கால் வெந்துரும்” என்று தாய் கூப்பிட்டும் வரவில்லை.

கடைசியில் கை பழகிவிட்டது. அடை ஒவ்வொன்றும் இலை வடிவத்திலேயே, நுனி கூராக, நரம்பு நரம்பாகக் கோடு பதிந்து வந்தது. விட்டேனா பார் என்று சுட்டுத் தள்ளினாள். வெயில் தாழ்வதற்குள் ஒரு குவியலே சேர்ந்துவிட்டது.

தாய் ஒன்றை எடுத்துக் கடித்தாள். கடக். ஒரு பல் போயிற்று.

“எப்படிம்மா இருக்கு?” என்றாள் செம்பி.

“ருசியாத்தான் இருக்கு, கண்ணு” என்று தாய் மறுபடி கடித்தாள். இன்னொரு பல் போயிற்று. பெற்ற மனம் பித்து, பிள்ளை மனம் கல் என்பார்கள். இங்கே கல்லாக இருந்தது அடைதான். மகள் பட்ட பாடு வீணாகக் கூடாதே என்று தாய் கடித்துக்கொண்டே இருந்தாள், வாயில் ஒரு பல்லும் மிச்சமில்லை என்று ஆகும் வரை.

செம்பிக்குச் சந்தேகம் வந்தது. தானும் கடித்துப் பார்த்தாள். அவள் பற்களுக்கும் அதே கதிதான்.

கூரி வந்து மோந்து பார்த்தாள். “அடிப்பாவி! புத்துமண்ணச் சுட்டு வச்சிருக்கியே! இதைக் கூரையிலதான் போடலாம்!”

செம்பிக்கு அழுகை பொத்துக்கொண்டு வந்தது. பால் வரவழைக்கப் போய், இருந்த பல்லையும் போக்கிவிட்டாளே!

அந்த நேரம் பார்த்துப் புகை வாசம் பிடித்துக்கொண்டு ஒரு சிறுத்தை வந்தது. கூரி முள்ளை விரித்தபடி புதருக்குள் பின்வாங்கினாள். தாய்க்கு எழுந்து நடக்கவும் தெம்பில்லை. குட்டியை வயிற்றோடு அணைத்துச் சுருண்டுகொண்டு, வெறும் முதுகைச் சிறுத்தைக்குக் காட்டினாள்.

“நீ போயிரு செம்பி” என்றாள்.

செம்பி போகவில்லை. மிச்சமிருந்த ஈரமாவை வாரித் தாயின் முதுகில் அப்பினாள். அதன்மேல் அடைகளை ஒன்றன்மேல் ஒன்று ஏறும்படி, கூரைக்கு ஓடு வேய்கிற மாதிரி ஒட்டத் தொடங்கினாள்.

சிறுத்தைக்கு வேடிக்கையாக இருந்தது. “என்ன பாப்பா, நான் திங்கறதுக்கு முன்னால அலங்காரமா?”

“ஆமா மாமா, செத்தப் பொறுங்க. அடையோட சேர்த்துச் சாப்பிட்டாத்தான் ருசி” என்றாள் செம்பி. கை மட்டும் நிற்கவில்லை.

சரி, எங்கே ஓடிவிடப்போகிறார்கள் என்று சிறுத்தை உட்கார்ந்து பார்த்தது. தலை, முதுகு, வால் என்று எல்லாம் மூடியதும் தாய் வாலால் செம்பியை வளைத்து உள்ளே இழுத்துக்கொண்டாள். சிறுத்தை வாயைத் திறந்து ஒரே கடி கடித்தது. கடக்! அதன் கோரைப்பல் தெறித்தது. நகத்தால் கீறியது, வழுக்கியது. காலால் உருட்டியது, உருண்டதே தவிர விரியவில்லை. “தூ! இதெல்லாம் ஒரு சாப்பாடா!” என்று துப்பிவிட்டுப் போய்விட்டது.

ஈரமாவு உலர்ந்து இறுகியதில் ஓர் அடையையும் உரிக்க முடியவில்லை. பசியோ பசி. கடிக்கவும் பல் இல்லை. மாவு பிசைந்த இடத்தில் கரையான்கள் ஊர்ந்துகொண்டிருந்தன. தாய் நாக்கை நீட்டி நக்கிப் பார்த்தாள். பரவாயில்லையே! புற்று வரைக்கும் ஊர்ந்துபோய் வயிறு நிறைய நக்கினாள். மறுநாள் பால் வந்தது. தம்பி சப்புக்கொட்டிக் குடித்தான். பக்கத்தில் உட்கார்ந்து அதைக் கேட்டுக்கொண்டிருந்த செம்பிக்கு வந்த சந்தோஷத்தைச் சொல்லி முடியாது.

அப்புறம் புதிதாகச் சுட்டுத் தனக்கும் ஒட்டிக்கொண்டாள், தம்பிக்கும் ஒட்டினாள், தாய்க்கு எப்படி ஒட்டினாளோ அப்படியே.

அன்று முதல்தான் அழுங்குக்கு உடம்பெல்லாம் செதில், வாயில் பல் கிடையாது, புற்றைக் கண்டால் விடாது. அடிவயிற்றில் மட்டும் இன்றுவரை செதில் இல்லை. செம்பி அங்கே ஒட்டவில்லை, தம்பி அங்கேதான் இருந்தான்.